கேள்வி பதில்: கோட்டைக்குள்ள போன நீல வியாபாரி

போன இதழ்ல ஒரு வாசகர், மெட்ராஸ் சட்டசபையில முதல் முதல்ல இடம் கிடைச்ச இந்தியர்கள் யாருன்னு கேட்டிருந்தார். 1862ல வி. சதகோபாசார்லு, அடுத்த வருஷம் கஜுலு லட்சுமிநரசு செட்டின்னு பேர மட்டும் சொல்லிட்டு நகர்ந்துட்டேன். அந்த ரெண்டாவது பேர பத்தி அதுக்கப்புறம் வந்த கேள்விகள் ஒரு கட்டு சேந்துடுச்சு. எனக்கும் இந்த மனுஷர பத்தி விரிவா எழுதணும்னு ரொம்ப நாளா ஆசை, அதனால இந்த வாரம் முழுக்க அவருக்கே.

கேள்வி: பேர பாத்தா தெலுங்கு மாதிரி இருக்கே, இவர் எந்த ஊரு, என்ன தொழில், பெரிய படிப்பு படிச்சவரா? (வாசகர், திருவண்ணாமலை)

பதில்: பிறந்தது 1806ல, மெட்ராஸ்லயே. கோமுட்டி செட்டியார் குடும்பம், அப்பா பேர் சித்துலு செட்டி, நீல வியாபாரி. இன்னிக்கு ஜார்ஜ் டவுன்னு சொல்றோமே அதுக்கு அப்போ கறுப்பர் நகரம்னு பேரு, அங்க தமிழ், தெலுங்கு, குஜராத்தி, ஆர்மீனியர்னு எல்லா வியாபாரியும் பக்கத்து பக்கத்துல தான் இருந்தாங்க. மாகாணமே கஞ்சாம்ல இருந்து திருநெல்வேலி வரைக்கும் நீண்டு கிடந்தது, அதனால இவர் தமிழரா தெலுங்கரான்னு அந்தக் காலத்து மெட்ராஸ்காரங்க யாரும் கேட்டிருக்க மாட்டாங்க.

நீலம்னா அவுரிச் செடியில இருந்து எடுக்கிற சாயம். செடிய அறுத்து தொட்டித் தண்ணியில ஊற வெச்சு, அந்தத் தண்ணிய இன்னொரு தொட்டிக்கு இறக்கி, ஆளுங்க நின்னு அடிச்சு அடிச்சு கலக்கணும், அப்போ தான் நீலம் அடியில வண்டலா இறங்கும், அத காய்ச்சி வடிகட்டி அழுத்தி கட்டியா வெட்டி நிழல்ல காய வைப்பாங்க. கடப்பா, நெல்லூர், தென்னாற்காடு பக்கமெல்லாம் இந்தப் பயிர் உண்டு, அங்கேருந்து சரக்கு மெட்ராஸ் வந்து, கடற்கரையில மசூலா படகுல ஏத்தி, தூரத்துல நிக்கிற கப்பலுக்குப் போகும். லட்சுமிநரசு அப்பாவோட சேந்து வியாபாரத்துல இறங்கி நீலத்தோட துணியும் வித்தார், அதுல மெட்ராஸ் கைக்குட்டைனு பேர் வாங்கின கட்டம் போட்ட துணியும் உண்டு, லண்டன் வழியா மேற்கு ஆப்பிரிக்கா வரைக்கும் போன சரக்கு அது. கிழக்கிந்திய கம்பெனியோட ஏகபோகம் 1813ல இந்திய வியாபாரத்துல போச்சு, 1833ல சீன வியாபாரத்துலயும் போச்சு. வாசல் திறக்கிற நேரத்துல வயசுக்கு வந்த வியாபாரி இவர், நல்லாவே சம்பாதிச்சார்.

படிப்பு அதிகம் கிடையாது. பள்ளிக்கூடத்துல கத்துக்கிட்டது கொஞ்சம் தான், மீதி எல்லாம் நண்பர்களோட சேந்து படிச்சு, விவாதம் பண்ணி, பேப்பர் பாத்து தானா வளத்துக்கிட்டது. இன்னொண்ணு, இது என்னோட அபிப்ராயம், அவுரி விளைவிக்கிறவன் கையில பணம் எப்போ இருக்கும், எப்போ சர்க்கார் ஆள் வந்து பிடுங்கிட்டுப் போவான்னு நீல வியாபாரிக்கு தெரியாம இருக்காது. பின்னாடி இவர் செஞ்ச பெரிய வேலைக்கு அந்தப் பழக்கம் கண்டிப்பா உதவியிருக்கும்.

கேள்வி: நல்லா ஓடுற வியாபாரத்த வெச்சுக்கிட்டு பேப்பர் நடத்தினாராமே, எதுக்கு? (வாசகி, கும்பகோணம்)

பதில்: ஆமாம்மா, 1844 அக்டோபர்ல ஆரம்பிச்சார், கிரசென்ட்னு பேரு, இங்கிலீஷ் பத்திரிகை. நேட்டிவ் சர்குலேட்டர்னு ஏற்கனவே வந்துக்கிட்டு இருந்த ஒரு பேப்பர விலைக்கு வாங்கி பேர மாத்தி நடத்தினார். எட்வர்ட் ஹார்லின்னு பட்டாளத்துல வேலை பாத்த ஒரு வெள்ளக்காரர எடிட்டரா போட்டார். ஏன் இங்கிலீஷ்லன்னு கேட்டா, படிக்க வேண்டிய ஆள் கோட்டையில உக்காந்திருக்கிறவன், அவனுக்கு தமிழோ தெலுங்கோ வராது, அவ்வளவு தான் விஷயம்.

ஆரம்பமே தகராறு. புதுசா பேப்பர் வருதுன்னு கோட்டை கெஜட்ல விளம்பரம் போட கேட்டா, சர்க்கார் போட முடியாதுன்னு சொல்லிடுச்சு. இத்தனைக்கும் கெஜட்ல மத்த விளம்பரமெல்லாம் வந்துக்கிட்டு தான் இருந்தது. அப்போ கவர்னர் ட்வீடேல் பிரபு, சர்க்கார் பள்ளிக்கூடத்துல பைபிள பாடமா வைக்கணும்னு வெளிப்படையா நின்னவர். கவர்னரே அந்தப் பக்கம் சாயறப்போ எதிர்ப்பு சொல்ற பேப்பருக்கு எப்படி இடம் குடுப்பாங்க? இந்த பைபிள் பாடத்த எதிர்த்து 1846ல பச்சையப்பன் கட்டிடத்துல பெரிய கூட்டம் கூட்டி, ஆயிரக்கணக்கான பேர்கிட்ட கையெழுத்து வாங்கி லண்டனுக்கே மனு அனுப்பினாங்க. கையெழுத்து வாங்கறதுன்னா அப்போ என்னன்னு யோசிச்சு பாருங்க, மெஷின் கிடையாது, ஒவ்வொரு தெருவா ஆள் அனுப்பணும், சர்க்காருக்கு எதிரா கையெழுத்து போட மக்களுக்கு பயம் வேற. அந்த ஏற்பாட்டுக்கெல்லாம் பணம் குடுத்தவர்ல முதல் ஆள் இவர் தான்.

கேள்வி: அப்போ அவர் மதத்துக்காக மட்டும் தான் சண்டை போட்டாரா? மதம் மாறினவங்களுக்கு சொத்துரிமை குடுக்கக் கூடாதுன்னு சொன்னவர்னு கேள்விப்பட்டேன், அது நியாயமா? (வாசகர், நாகர்கோவில்)

பதில்: நீங்க கேள்விப்பட்டது உண்மை தான். மதம் மாறினாலோ ஜாதிய விட்டு தள்ளி வெச்சாலோ ஒருத்தனோட பரம்பரை சொத்துல அவனுக்குள்ள பங்கு போகாதுன்னு சொல்ற சட்டம் 1850ல வந்துச்சு. அதுக்கு முன்னாடி வரைவு வந்த நாள்ல இருந்தே இவரும் இவரோட கூட்டாளிகளும் எதிர்த்தாங்க. இது தப்பான நிலைப்பாடுன்னு தான் நான் நினைக்கிறேன். எந்த சாமிய கும்பிடறான்றதுக்காக ஒரு மனுஷனோட பங்க பறிக்க முடியாதுன்னு அந்தச் சட்டம் சொன்னது சரி. அதே நேரத்துல சர்க்கார் பணத்துல நடக்கிற பள்ளிக்கூடத்துல ஒரு மதத்தோட புத்தகத்த பாடமா திணிக்கக் கூடாதுன்னு அவர் சொன்னதும் சரி. ரெண்டையும் ஒரே மனுஷர் சொன்னார். அவர முழுசா தெரிஞ்சுக்கணும்னா ரெண்டையும் சேத்து தான் பாக்கணும்.

ஆனா மதத்துக்காக மட்டும் தானான்னா, இல்ல. 1852 பிப்ரவரி 26ல மெட்ராஸ் நேட்டிவ் அசோசியேஷன் ஆரம்பிச்சாங்க, அங்கேருந்து கதையே வேற. முதல்ல கல்கத்தா சங்கத்தோட கிளையா தான் இருந்துச்சு, சில மாசத்துலயே தனியா பிரிஞ்சுடுச்சு, ஏன்னா அங்க ஜமீன்தாருங்க பிரச்சனை, இங்க ரயத்துவாரி, விவசாயி நேரா சர்க்காருக்கே வரி கட்டணும், ரெண்டு பேர் வயித்து வலியும் ஒண்ணு இல்ல. 1853ல கம்பெனி சாசனத்த, அதாவது ஆட்சி நடத்த பார்லிமென்ட் குடுத்த அனுமதிய, புதுப்பிக்க வேண்டியிருந்ததால அதுக்கு முன்னாடியே லண்டன் பார்லிமென்ட்டுக்கு ஒரு நீளமான மனு போச்சு. நிலவரி தாங்க முடியல, உப்பு சர்க்கார் கையில இருக்கிறதால ஏழைக்கு எட்டல, தறி வெச்சிருந்தா வரி, கைத்தொழில் செஞ்சா வரின்னு மோத்தர்பா உயிர எடுக்குது, ஏரி மராமத்து இல்ல, ரோடு இல்ல, கோர்ட்டுக்கு போனா வருஷக்கணக்கா இழுக்குதுன்னு வரிசையா எழுதியிருந்தாங்க. இதுல எங்க மதம் இருக்கு?

கேள்வி: நிலவரி வசூலுக்கு சித்திரவதை பண்ணினாங்க, அத இவர் தான் வெளிய கொண்டு வந்தார்னு ஒரு இடத்துல படிச்சேன். நம்பவே முடியல, விவரமா சொல்லுங்க சார். (வாசகர், கரூர்)

பதில்: நம்பித்தான் ஆகணும், ஏன்னா சர்க்காரே அச்சடிச்சு வெளியிட்ட அறிக்கையில இருக்கு. இந்த வாரம் நான் எழுத உக்காந்ததே இதுக்காக தான்.

கிஸ்தி கட்ட முடியாதவன பிடிச்சுட்டு வந்து என்னென்ன செய்வாங்கன்னு அந்த அறிக்கை பட்டியலே போடுது, அதுல ரெண்டுக்கு அவங்க இங்கிலீஷ்ல வேற பேரே தேடல, நம்ம ஊர் பேரயே அப்படியே எழுதிட்டாங்க. ஒண்ணு அண்ணாந்தாள். ஆள குனிய வெச்சு, அவனோட துண்டையோ இல்லன்னா கயிறு, வைக்கோல் புரியையோ கழுத்து மேல போட்டு கால் விரலுக்கு அடியில கொண்டு வந்து இழுத்து கட்டிடுவாங்க, நிமிரவும் முடியாது உக்காரவும் முடியாது, அப்படியே வெயில்ல நிக்கணும், சில சமயம் முதுகு மேல கல்ல வைப்பாங்க, சில சமயம் பியூன் ஏறி உக்காருவான். இன்னொண்ணு கிட்டி. ரெண்டு கட்டைய ஒரு பக்கம் சேத்து கட்டி, நடுவுல கை விரல், தொடை, காதுன்னு வெச்சு நெருக்கறது. தெலுங்கு ஜில்லாவுல இதுக்கே வேற பேரு, ஆனா வேலை ஒண்ணு தான். பொம்பளைங்களுக்கும் இத செஞ்சிருக்காங்கன்னு அறிக்கையில இருக்கு, அத எப்படின்னு நான் இங்க எழுத விரும்பல.

இதுபோக முழங்கால் மடிப்புல செங்கல் வெச்சு உக்கார வைக்கிறது, ரெண்டு பேர் குடுமிய ஒண்ணா சேத்து முடிச்சு போடறது, எலும்பு மாலை போட்டு அவமானப்படுத்தறது, சாப்பிட விடாம வெளிக்குப் போக விடாம அடைச்சு வைக்கிறது, கண்ணுல மிளகாப்பொடி. மாட்ட மேய்ச்சலுக்கு விடாம கட்டி போடறதும் ஒரு வழி. வீட்டு வாசல்ல ஒரு பியூன உக்கார வெச்சு, வரி கட்டற வரைக்கும் அவனோட படிக்காச, அதாவது படிச் செலவ, தினமும் நீ தான் குடுக்கணும்ன்றதும் நடந்துச்சு. பல கேஸ்ல பாக்கி எவ்வளவுன்னா சில ரூபாய், அவ்வளவே தான்.

இத லட்சுமிநரசு எப்படி வெளிய கொண்டு வந்தார்னு கேட்டீங்க இல்லையா, அதுல தான் அவரோட வியாபார மூளை தெரியுது. அசோசியேஷன் எழுதின மனுவ லண்டன்ல எத்தனை பேர் நம்பியிருப்பாங்க? மெட்ராஸ்ல நாலு பணக்காரங்க சேந்து ஏதோ எழுதறாங்கன்னு தள்ளிட்டுப் போயிருப்பாங்க. அந்த நேரத்துல 1853 கடைசியில டான்பி சீமோர்னு ஒரு பிரிட்டிஷ் எம்.பி., இந்தியாவ நேர்ல பாக்க வந்தார். இவர் அந்த எம்.பி.ய மெட்ராஸ்ல மாளிகைல உக்கார வெச்சு விருந்து குடுத்து அனுப்பிடல, கூட்டிக்கிட்டு ஜில்லா ஜில்லாவா கிளம்பிட்டார். கடப்பா, நெல்லூர், கோயம்புத்தூர், திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலின்னு சுத்தினாங்க. ராயபுரம் ஸ்டேஷனே 1856ல தான் திறந்தாங்க, அதனால இந்தப் பயணத்துல ரயில் கிடையாது, எல்லாம் பல்லக்கும் மாட்டு வண்டியும் தான், அம்பது வயச நெருங்கற ஆளு. விவசாயிங்க நேரா எம்.பி.கிட்டயே சொன்னாங்க, பக்கத்துல இவர் இருந்ததால தைரியமா சொன்னாங்க.

சீமோர் திரும்பிப் போனார், 1854 ஜூலைல காமன்ஸ் சபையில மெட்ராஸ் நிலவரி விவாதம் வந்தப்போ சித்திரவதை பத்தி பேச்சு எழுந்துச்சு. அப்படியெல்லாம் ஒண்ணும் கிடையாதுன்னு மறுத்தவங்களும் உண்டு. மறுக்கறாங்கன்னா விசாரிச்சு தான் ஆகணும், அதனால ஹாரிஸ் பிரபு கவர்னரா இருந்த மெட்ராஸ்ல கமிஷன் போட்டாங்க. எலியட், ஸ்டோக்ஸ், ஜான் புரூஸ் நார்ட்டன்னு 3 பேர், மூணு பேருமே வெள்ளக்காரங்க. புகார் இருந்தா வந்து சொல்லுங்கன்னு ஊர் ஊரா அறிவிச்சாங்க. சில மாசத்துக்குள்ள நேர்லயும் கடிதத்துலயும் சேத்து ஏறக்குறைய 2,000 புகார் வந்துச்சு. ரயில் இல்லாத காலத்துல நூத்துக்கணக்கான மைல் தாண்டி வந்து கமிஷன் முன்னாடி நின்னவங்க உண்டு. தன்னை கட்டி வெச்சு அடிச்சவன் ஊர்ல இன்னும் அதே உத்தியோகத்துல இருக்கான்னு தெரிஞ்சும் வந்தவங்க அவங்க. அந்தப் பக்கங்கள படிக்கறப்போ எனக்கு லட்சுமிநரசுவ விட பெரியவங்களா தெரியறது இந்த மனுஷங்க தான்.

1855 ஏப்ரல்ல அறிக்கை வந்துச்சு, சித்திரவதை நடக்கறது உண்மைனு ஒத்துக்கிட்டாங்க. ரெண்டு வருஷம் கழிச்சு 1857 செப்டம்பர்ல காரல் மார்க்ஸ், நியூயார்க் டெய்லி ட்ரிப்யூன் பத்திரிகையில இதே விசாரணைய வெச்சு கட்டுரை எழுதினார். கலகத்துல சிப்பாய்ங்க பண்ணின கொடுமைய பத்தி லண்டன் பேப்பரெல்லாம் கொதிச்சுக்கிட்டு இருந்த நேரம் அது.

கேள்வி: ஆனா அடிச்சது, கட்டி வெச்சது எல்லாம் நம்ம ஆளுங்க தானே? தாசில்தார், பியூன் எல்லாம் இந்தியன் தானே, வெள்ளக்காரன குறை சொல்லி என்ன பிரயோஜனம்? (வாசகர், ஆம்பூர்)

பதில்: கமிஷனும் இதையே தான் சொல்லிச்சு. வெள்ளக்கார அதிகாரிக்கு இதுல பங்கு கிடையாது, கீழ இருக்கிற சுதேசி உத்தியோகஸ்தன் தான் பண்றான், மக்களுக்கு வெள்ளக்கார துரை மேல நம்பிக்கை இருக்குன்னு எழுதி வெச்சாங்க. அடிச்ச கை நம்ம ஆளோடது தான், அதுல சந்தேகம் இல்ல, அந்தக் குத்தத்த யாரும் துடைக்க முடியாது.

ஆனா வரிய யார் போட்டது? ரயத்துவாரி ஆரம்ப காலத்துல விளைச்சல்ல பாதிக்கு கிட்டக்க கேட்ட இடமெல்லாம் இருக்கு. மழை பொய்ச்சாலும் தொகை மாறாது, விலை விழுந்தாலும் மாறாது. கலெக்டர் குறிப்பிட்ட தேதிக்குள்ள முழு கிஸ்தியும் கஜானாவுக்கு வரணும்னு தாசில்தார நெருக்குவார், அந்த தாசில்தாருக்கே 1816ஆம் வருஷத்து சட்டப்படி போலீஸ் அதிகாரமும் கையில. யோசிச்சு பாருங்க, வரி வசூலிக்கிறவனும் அவனே, போலீசும் அவனே, வரி வசூலிக்கறப்போ அடிச்சுட்டான்னு யாருகிட்ட போய் புகார் குடுக்கறது? பியூன் சம்பளம் மாசம் சில ரூபாய், அவனுக்கும் மேல இருந்து மிரட்டல். இப்படி ஒரு ஏற்பாட்ட போட்டுட்டு கீழ இருக்கிறவன் கொடுமைக்காரன்னு மேல இருக்கிறவங்க கை கழுவினா அத ஏத்துக்க முடியுமா? அசோசியேஷன் அத ஏத்துக்கல. கம்பெனிகிட்ட இருந்து ஆட்சிய எடுத்து பிரிட்டிஷ் அரசே நேரடியா பொறுப்பு ஏத்துக்கணும்னு ஆயிரக்கணக்கான கையெழுத்தோட மறுபடி மனு அனுப்பினாங்க, 1857 கலகத்துக்கு முன்னாடியே இத கேட்டவங்க இவங்க.

பலன் வந்துச்சு. 1859ல மெட்ராஸ் போலீஸ் சட்டம் வந்து ரெவின்யூல இருந்து போலீஸ பிரிச்சாங்க. ராபின்சன்னு ஒருத்தர் புது போலீசுக்கு தலைவரா வந்தார். இன்னிக்கு தாசில்தார் ஆபீஸ் தனி, போலீஸ் ஸ்டேஷன் தனின்னு நாம சாதாரணமா நினைக்கிறோமே, அந்தப் பிரிவினைக்குப் பின்னாடி அந்த 2,000 புகார் இருக்கு.

கேள்வி: சட்டசபை உறுப்பினர் ஆனார்னு சொல்றீங்களே, எந்தத் தொகுதி, எந்தக் கட்சி, எத்தனை ஓட்டு வித்தியாசம்? (கல்லூரி மாணவி, சிவகாசி)

பதில்: தொகுதியும் இல்ல, கட்சியும் இல்ல, ஓட்டும் இல்ல. 1861ல இந்திய கவுன்சில் சட்டம்னு ஒண்ணு வந்துச்சு, அதுபடி மெட்ராஸ் கவர்னர் தன்னோட கவுன்சிலுக்கு, சட்டம் போடற வேலைக்கு மட்டும், 4ல இருந்து 8 பேர் வரைக்கும் கூடுதல் உறுப்பினர நியமிக்கலாம், அதுல பாதி பேராவது சர்க்கார் உத்தியோகத்துல இல்லாதவங்களா இருக்கணும், பதவிக்காலம் 2 வருஷம். அதுல ஒரு இடம் தான் 1863ல இவருக்கு கிடைச்சது. கவர்னர் அப்போ சர் வில்லியம் டெனிசன். கூட்டம் செயின்ட் ஜார்ஜ் கோட்டையில.

உள்ள போய் என்ன பண்ணலாம்னா ரொம்ப கொஞ்சம் தான் பண்ணலாம். கேள்வி கேட்க உரிமை கிடையாது. பட்ஜெட் பத்தி பேச முடியாது. மேஜைக்கு வர்ற மசோதாவ பத்தி மட்டும் பேசலாம், ஓட்டு போடலாம், ஆனா எண்ணிக்கையில சர்க்கார் பக்கம் தான் பலம், கவர்னர் ஒத்துக்கலன்னா எதுவும் சட்டம் ஆகாது. கேள்வி கேட்கற உரிமையும் பட்ஜெட் பத்தி பேசற உரிமையும் 1892 சட்டத்துல தான் வந்துச்சு, மக்கள் நேரடியா ஓட்டு போட்டது 1920ல, அதுவும் சொத்து இருக்கிறவங்களுக்கு மட்டும்.

அதனால நான் சொல்ல வர்றது, இவர சட்டசபை உறுப்பினர்னு மட்டும் அறிமுகப்படுத்தினா அது அவருக்குப் பத்தாது. பதவியே இல்லாத காலத்துல, தன் காசுல, ஒரு எம்.பி.ய வண்டியில ஏத்தி கிராமம் கிராமமா கூட்டிட்டுப் போன வியாபாரி சாதிச்சது, கோட்டைக்குள்ள நாற்காலி கிடைச்ச பிறகு சாதிச்சத விட ரொம்ப பெருசு. நாற்காலி கடைசியில வந்துச்சு, வேலை அதுக்கு முன்னாடியே முடிஞ்சுடுச்சு. சித்திரவதை கமிஷன்ல இருந்த அந்த நார்ட்டனும் பின்னாடி அட்வகேட் ஜெனரல் ஆகி அந்தப் பதவி மூலமா இதே சபைக்கு வந்தார்.

சர்க்கார் இவருக்கு சி.எஸ்.ஐ. பட்டம் குடுத்துச்சு, கம்பானியன் ஆஃப் தி ஸ்டார் ஆஃப் இந்தியான்னு பிரிட்டிஷ் அரசு குடுக்கிற கௌரவம் அது. ஒரு காலத்துல இவர் எங்க போறார் யார பாக்கறார்னு போலீஸ் கண் வெச்சிருந்ததா சொல்லுவாங்க, அதே சர்க்கார் தான்.

கேள்வி: நான் ரிட்டயர்ட் வி.ஏ.ஓ. எங்க வேலையில ஆர்.ஆர். ஆக்ட்னு 1864ஆம் வருஷத்து சட்டம் தான் வேதம். அது இவர் காலத்துல வந்ததா? (வாசகர், விருத்தாசலம்)

பதில்: ஆமா சார், சரியா பிடிச்சீங்க. மெட்ராஸ் ரெவின்யூ ரெகவரி ஆக்ட், 1864ஆம் வருஷத்து 2ஆம் நம்பர் சட்டம், இவர் சபைக்கு வந்ததுக்கு அடுத்த வருஷம். நோட்டீஸ் குடு, ஜப்தி பண்ணு, தண்டோரா போட்டு ஏலம் விடுன்னு வரிசை அதுல தான் வருது. உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்ல, இன்னிக்கும் பேங்க் கடன்ல இருந்து சேல்ஸ் டாக்ஸ் பாக்கி வரைக்கும் அந்தச் சட்டத்துல தான் ஓடுது.

அது விவசாயி மேல கருணை காட்டின சட்டம் இல்ல, வேணும்னே கட்டாம ஏமாத்தறான்னா ஜெயில்ல போட கூட அதுல வழி இருக்கு. ஆனாலும் 10 வருஷத்துக்கு முன்னாடி கிட்டியும் அண்ணாந்தாளும் இருந்த இடத்துல, எழுத்துல நோட்டீஸ், பொருள் மேல ஜப்தின்னு வந்தது பெரிய மாத்தம். உடம்ப தொடறதுக்கும் பொருள தொடறதுக்கும் உள்ள வித்தியாசம் அடி வாங்கினவனுக்கு தெரியும்.

கேள்வி: வியாபாரி பொது வாழ்க்கைக்கு வந்தா சொத்து சேக்கத்தான் வருவான். இவர் எவ்வளவு சேத்தார்? (வாசகர், திருப்பூர்)

பதில்: இருந்தத விட்டார். பேப்பர் நடத்தறதுன்னா ஓட்டை பானையில தண்ணி ஊத்தற மாதிரி, அதுக்கு மேல அசோசியேஷன் செலவு, மனு அச்சடிக்கற செலவு, லண்டனுக்கு அனுப்பற செலவு, இந்தப் பக்கம் வியாபாரத்துலயும் கவனம் குறைஞ்சு நஷ்டம். 1868ல சாகறப்போ கையில ஒண்ணும் இல்லாத நிலைமை, மாகாணத்துலயே பெரிய வியாபாரிங்கள்ல ஒருத்தரா இருந்தவர் அவர். அவர் தளர்ந்த பிறகு அசோசியேஷனும் தூங்கிடுச்சு, அந்த இடத்த நிரப்ப 1884ல சென்னை மகாஜன சபை வர வேண்டியிருந்தது.

எல்லா வியாபாரியும் சேக்கத்தான் வருவான்னு முடிவு கட்டாதீங்க. பிட்டி தியாகராயரும் நெசவுத் தொழில்ல இருந்து தான் வந்தார், 1920 தேர்தல்ல நீதிக்கட்சி ஜெயிச்சு கவர்னர் வெல்லிங்டன் பிரபு மந்திரிசபை அமைக்க கூப்பிட்டப்போ முதல் மந்திரி பதவிய வேண்டாம்னு சொல்லி சுப்பராயலு ரெட்டியார உக்கார வெச்சார். அவர் பேர்ல தி.நகர் இருக்கு, இவர் பேர் பாடப்புத்தகத்துல கூட ஒரு வரிக்கு மேல இல்லன்றது தான் எனக்கு ஆத்தாமை. ஏழாவது எட்டாவது பசங்களுக்கு கிட்டி, அண்ணாந்தாள் கதைய சொல்லணும், அத நிறுத்தறதுக்கு யார் யார் எவ்வளவு தூரம் நடந்தாங்கன்னு சொல்லணும்.

கேள்வி: அந்தக் கமிஷன் அறிக்கைய எங்க படிக்கலாம்? எவ்வளவு பெருசு? (வாசகி, பாளையங்கோட்டை)

பதில்: 1855ல மெட்ராஸ்ல கோட்டை கெஜட் அச்சகத்துல அச்சானது. எழும்பூர் ஆவணக் காப்பகத்துல கேட்டுப் பாருங்க, முடியலன்னா ஸ்கேன் பண்ணின பிரதி இன்டர்நெட்லயே இருக்கு, சித்திரவதை கமிஷன், மெட்ராஸ், 1855னு இங்கிலீஷ்ல தேடினா வரும். அறிக்கை சின்னது தான், அதுக்குப் பின்னாடி வர்ற இணைப்பு தான் தடிமன். முதல்ல அறிக்கைய படிக்காதீங்க, அது அதிகாரி பாஷை. இணைப்புல சாட்சிங்க சொன்னத இங்கிலீஷ்ல எழுதி வெச்சிருக்காங்க பாருங்க, எந்த கிராமம், பாக்கி எவ்வளவு, யார் கட்டினது, யார் அடிச்சது, எத்தனை நேரம்னு ஒவ்வொருத்தரும் சொல்லியிருக்காங்க, அதுல இருந்து ஆரம்பிங்க. உங்க பக்கத்து ஊர் பேர் ஏதாவது கண்ணுல பட்டா எனக்கு எழுதுங்க, இந்தப் பகுதியிலயே போடறேன்.